அத்தைக்கு நின்ற பிணை

கடல் பொங்கித் தள்ள, ஆற்றுநீர் வாய்க்கால்தோறும் ஏறிப் பேரீச்சந் தோப்புகளின் அடிவேரை நனைத்து, வந்தவழியே மீளத் தொடங்கும் இளங்காலைப் பொழுதில், அபுல்கசீப் என்னும் அரபு ஊரில், வாய்க்காலொன்றின் தென்கரையில் கோடரியும் கையுமாக நின்றான் கதபான். சினமுற்றவன் என்பது அப்பெயரின் பொருள். பெற்றோர் அறிந்தே இட்டிருக்கின்றனர்.

பேரீச்சையை அத்தை என்பது அவ்வூர் வழக்கு. அஞ்சியேனும் காய்க்கட்டுமென்று, காய்க்காத அத்தையை உடையவன் கோடரி ஓங்கி அச்சுறுத்துவதும், அண்டைவீட்டான் குறுக்கே பாய்ந்து பிணை நிற்பதும் ஆண்டுதோறும் நடக்கும் கூத்து. இவ்வாண்டோ கதபானின் தந்தை நட்ட மரத்தில் நடுக்குருத்தே சாய்ந்திருந்தது. வண்டு துளைத்ததாயின் இன்றே வெட்டி எரிக்கவேண்டும். தாழ்த்தினால் தோப்பு முழுதும் பாழாகும். தண்டில் செவி வைத்தால் புழு மெல்லும் ஓசை கேட்குமாம்; கதபானோ தன் செவித்திறனில் பெரும்பங்கைப் போரின் வெடியோசைக்குப் பறிகொடுத்தவன்; அருகே நின்று உரக்கப் பேசினால் மட்டுமே கேட்கும். ஆதலின் வாய்க்காலுக்கு அப்பால் தோப்புடைய உபைதை அழைத்திருந்தான்.

"காதை வச்சுக் கேளு உபைத். உள்ள புழு இருக்கா?"

கோடரியைக் கண்ட உபைத் தாவிவந்து மரத்தைக் கட்டிக்கொண்டான்.

"ஐயய்யோ, அத்தைய விட்ருப்பா! வர்ற வருசம் காய்ச்சுக் கொட்டுவா. நான் பொறுப்பு!"

"அந்தக் கூத்து இல்லைய்யா! நெசமாவே கேக்குறேன்!"

"இன்னும் சத்தமாத் திட்டு, அவ காதுல விழட்டும்," என்று கண்ணடித்தான் உபைத்.

"ஒருதடவ காதை வைடா, பாவி!"

"ஆகா! போன வருசம் இந்தக் கோவம் இல்ல, அதான் காய்க்கல."

சினந்தால் நடிப்பாகிறது, கெஞ்சினாலும் நடிப்பாகிறது. எந்தச் சொல்லால்தான் மெய்யை உணர்த்துவது? நெஞ்சு வெடித்த கதபான் உபைதை இழுத்து எறிந்துவிட்டு, கோடரியை ஓங்கி இறக்கினான். ஊறிய ரொட்டியில் இறங்குவதுபோல் அது காம்புவரை இறங்கியது. புளித்த நாற்றத்தோடு கொழுத்த வெண்புழுக்கள் உதிர்ந்தன.

உபைதின் சிரிப்பு மறைந்தது. வாய்க்காலைக் கடந்து, தன் தோப்பின் கரையோர மரத்தில் செவியை வைத்தான்.

"என்னடா கேக்குது?" என்று கத்தினான் கதபான்.

மறுமொழியை அவனால் கேட்க இயலவில்லை. உபைத் தன் கோடரியை எடுத்துவந்து ஓங்கியதை மட்டும் கண்டான். இடையே பாய்ந்து பிணை நிற்பது இப்போது கதபானின் முறை. 'நான் பொறுப்பு' என்னும் வழக்கச்சொல் நாவரை வந்தது. ஆயினும் கதபான் வாய் திறக்கவில்லை. அன்று அத்தைக்காக மன்றாட இருகரையிலும் எவரும் இலர்.