புரை ஏறும் திசை

எங்கள் ஈரோட்டில் காணாமல் போனவர்களைச் சாப்பாட்டு நேரத்தில்தான் தேடுவோம். வீட்டில் ஒருவர் இலையின் முன்னால் உட்கார்ந்து போனவரை நினைப்பார். போனவர் எந்த ஊரில் சாப்பிட்டுக்கொண்டிருந்தாலும் அவருக்கு அப்போது புரை ஏறும். தேடுகிற நாங்கள் அவர் பக்கத்தில் தண்ணீர்ச் சொம்போடு நிற்க வேண்டும். அவ்வளவுதான் வேலை.

அதைக் கற்றுக்கொள்ள நான் நாற்பது வயதுக்கு மேல் போய்ச் சேர்ந்தேன். சொல்லிக்கொடுத்த ரிஸ்வானா மேடம் என்னைவிட ரொம்பச் சின்னவர்; என்னை அக்கா என்றுதான் கூப்பிடுவார். தண்ணீர் கொடுத்தவர்தான் ஆளைக் கூட்டிப் போய் ஒப்படைக்க வேண்டும், நடுவில் வேறு யாரும் சேர்ந்துகொள்ளக் கூடாது என்பதை முதல் நாளே சொல்லிவிட்டார். அதற்கப்புறம் முழுக்க முகத்தைப் பற்றிய பாடம்தான். மிளகாயால் ஏறிய புரை என்றால் ஆள் இலையைப் பார்த்து இருமுவார். அவசரத்தில் ஏறியது என்றால் கடிகாரத்தைப் பார்ப்பார். யாரோ நினைத்து ஏறிய புரையில் மட்டும், நினைத்தவர் இருக்கும் திசைக்கு முகம் தானாகத் திரும்பும்.

இது எனக்குப் பிடிபடக் கொஞ்ச காலம் ஆயிற்று. கரூரில் ஒரு மெஸ்ஸில் வெறும் மிளகாய்க்கு இருமிய ஒருவருக்குத் தண்ணீர் கொடுத்து, கோபிக்குக் கூட்டிப் போய், ஒரு அம்மாவிடம் அவருடைய கணவர் என்று ஒப்படைத்துவிட்டேன். அவர் இன்னும் அங்கேதான் இருக்கிறார். மாடு கன்றுகளை நன்றாகப் பார்த்துக்கொள்கிறார் என்று கேள்வி.

எந்த ஊரில் போய் நிற்பது என்பது பெரிய சிக்கல் இல்லை. நாக்குக்கு ஒத்துவராத ஊருக்கு யாரும் காணாமல் போவதில்லை. போனவருக்கு என்ன பிடிக்கும் என்று வீட்டில் கேட்டுக்கொண்டால் போதும். வாய்க்கு வாய் தண்ணீர் குடித்துக்கொண்டே சாப்பிடும் கெட்டிக்காரர்களைப் பிடிப்பதுதான் கஷ்டம். அவர்களும் ஏதாவது கல்யாண வீட்டில் பாயசத்தின்போது மாட்டிக்கொள்வார்கள்.

நான் இதில் சேர்ந்ததே என் அண்ணன் நல்லசிவத்துக்காகத்தான். அம்மா இறந்த பிறகு வீட்டில் அண்ணன்தான் சமையல். ஒரு நாள் ரசத்தில் உப்பு இல்லை என்று அப்பா தட்டைத் தள்ளினார். அண்ணன் கையைக்கூடக் கழுவாமல் எழுந்து வெளியே போனார். அதோடு சரி. அவருக்குத் தேங்காய்ப்பால் சொதி என்றால் உயிர் என்பதால், திருநெல்வேலிக்குத்தான் போயிருப்பார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. சொம்போடு போய் நிற்க நான் தயார். நினைக்கத்தான் ஆள் இல்லை. தேடுகிறவர் நினைக்கக் கூடாது. நினைத்தால் தண்ணீர் சிந்திவிடும். மிச்சம் இருந்தவர் அப்பா மட்டும்தான்.

"ஒரே ஒரு வேளை நெனைங்கப்பா" என்று கெஞ்சிப் பார்த்தேன்.

"அவன் நெனப்பே எனக்கு வர்றதில்ல அம்மிணி" என்றார்.

வராமல் இருக்க அவர் படும் பாடு எனக்குத் தெரியும். சாப்பிட உட்கார்ந்தால் காய்களின் பெயரை உரக்கச் சொல்லிக்கொண்டே சாப்பிடுவார். கத்தரிக்கா, அவரக்கா, பீர்க்கங்கா, சொரக்கா. நடுவில் இடைவெளி விட்டால் அண்ணன் உள்ளே வந்துவிடுவார் என்று பயம். எனக்கு அவர்மேல் கோபமும் வரும், பாவமாகவும் இருக்கும். ஒரு தடவை பிடிவாதமாகத் திருநெல்வேலிக்கே போய் மெஸ் மெஸ்ஸாக நின்றேன். நிறையப் பேர் இருமினார்கள். ஒரு முகமும் ஈரோட்டுப் பக்கம் திரும்பவில்லை. பஸ்ஸில் வரும்போது அழுதுகொண்டே வந்தேன்.

போன ஞாயிற்றுக்கிழமை மதியம் அப்பா பீர்க்கங்காய்க்கும் சுரைக்காய்க்கும் நடுவில் நின்றுபோனார். புரை ஏறியது. தட்டில் இருந்தது தயிர் சாதம், காரம் இல்லை. அவசரமும் அவருக்கு இல்லை. இருமிக்கொண்டே அவர் முகம் தெற்கே திரும்பி, ஜன்னல் இல்லாத சுவரைப் பார்த்து நின்றது. படித்த படிப்பு வீண்போகவில்லை, பார்த்ததும் எனக்குப் புரிந்துவிட்டது. நான் சொம்பை எடுப்பதற்குள் வாசலில் ஒருவர் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, தன் சொம்பிலிருந்து அப்பாவுக்குத் தண்ணீர் கொடுத்தார். உச்சந்தலையில் பதமாகத் தட்டவும் செய்தார். நன்றாகப் படித்தவர்.

"மாரப்பன்கிறது நீங்கதானய்யா?" என்றார். "எம் பேரு இசக்கி. திருநெல்வேலியில இருந்து வாரேன். அய்யாவக் காணலன்னு ஒங்க மகன் நல்லசிவம் ரொம்ப வருசமா தேடுதாரு."

"நான் எங்கீங்க போனேன்? இங்கயேதானுங்க இருக்கறேன்."

"காணாமப் போனவங்க எல்லாரும் அப்படித்தாம்யா சொல்லுதாங்க."

அப்பா யோசித்துப் பார்த்தார்.

"அவன் இப்ப என்ன பண்றானுங்க?"

"எலைக்கு முன்னால ஒக்காந்திருக்காரு. நீங்க போய்ச் சேருத வரைக்கும் ஒரு வாய் சாப்பிட மாட்டாரு."

அப்பா கை கழுவினார். சட்டை போட்டுக்கொண்டார். பிறகு சமையலறைக்குள் போய் உப்பு ஜாடியை எடுத்து, துண்டில் சுற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார்.

"அண்ணன் என்னைத் தேடலீங்களா?" என்று இசக்கியிடம் கேட்டேன்.

"தங்கச்சி வீட்லதான் இருக்குன்னாரு. இருக்கவங்கள எப்படிம்மா தேட?"

முறைப்படி அவர் சொன்னது சரிதான். இருந்தாலும் எனக்கு மனசு வலித்தது. கூட வருகிறேன் என்றும் சொல்ல முடியாது. அவர்கள் தெருமுனை திரும்பும் வரை பார்த்துவிட்டு, அப்பாவின் தட்டைக் கழுவப் போனேன்.

குழாயைத் திறந்ததும் குழாய் இருமியது. பிறகு கூரை இருமியது. பரணில் இருந்த பாத்திரங்கள் குலுங்கின. கிழக்கே பார்த்திருந்த வாசல் மெல்லத் தெற்கே திரும்பியது. அண்ணன் பிறந்து வளர்ந்த வீடு. இலை முன்னால் பசியோடு உட்கார்ந்திருப்பவருக்கு வீட்டு நினைப்பு வரத்தான் செய்யும். நான் நிலைப்படியில் ஒரு சொம்புத் தண்ணீரை ஊற்றி, ஸ்டூல் போட்டு ஏறி, சுவரின் உச்சியில் தட்டிக்கொடுத்தேன். இருமல் அடங்கியது.

தண்ணீர் கொடுத்தவர்தான் கூட்டிப் போக வேண்டும். எனக்கு ஒரே சந்தோஷம். நல்ல புடவையாக மாற்றிக்கொண்டு கிளம்பினேன்.

பஸ் ஸ்டாண்டில் திருநெல்வேலி பஸ் புறப்படத் தயாராக இருந்தது. கண்டக்டர் என்னையும் வீட்டையும் பார்த்தார்.

"உங்களுக்கு சீட் இருக்குதுங்க. வீடு தாராபுரம் வரைக்கும் நின்னுக்கிட்டுத்தான் வரோணும்" என்றார்.

உள்ளே உட்கார்ந்திருந்த அப்பா உப்பு ஜாடியை மடியில் வைத்துக்கொண்டு நகர்ந்து இடம் கொடுத்தார். என் பின்னால் ஏறிய வீட்டை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தார்.

"பின்கதவச் சாத்துனயா அம்மிணி? காத்தடிக்கும்."

சாத்திவிட்டேன் என்றேன். வீடு எங்கள் சீட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டது. பஸ் கிளம்பியது.