நடு உத்தரம்

வெள்ளிக்கிழமை காலையில் நாச்சம்மாள் புதுவீட்டு வாசக்காலுக்கு மஞ்சள் பூசிக்கொண்டிருந்தாள். அசல் தேக்கு. வேலந்தாவளம் சந்தைக்கு மாடு பிடிக்கப் போகிறவர்கள்கூட நின்று தடவிப் பார்த்துவிட்டுத்தான் போவார்கள். அவள் புருஷன் சென்னிமலைக்கு மட்டும் அந்த வாசலில் நுழையும்போது தலை தானாகக் குனிந்துகொள்ளும். இத்தனைக்கும் உயரமான வாசல்.

அந்தத் தேக்கு பள்ளிக்கூடத்தின் நடு உத்தரம். பள்ளிக்கூடம் அவருடைய அப்பா கட்டியது. கருங்கல் அடித்தளம், முழம் கனத்துக்குச் சுண்ணாம்புச் சுவர், குறுக்குச் சுவரே இல்லாத ஒரே நீளக் கூடம். வகுப்புகளுக்கு நடுவில் மூங்கில் தட்டிதான். ஓட்டுக்கூரையின் பாரத்தை மூன்று உத்தரங்கள் தாங்கின. நெல்லியாம்பதி மலையிலிருந்து வண்டி கட்டி இழுத்துவந்த மரமென்று அப்பா சாகும்வரை பீற்றிக்கொண்டார். அவருக்குப் பிறகு பள்ளிக்கூட மேனேஜர் பதவி மகனுக்கு வந்தது. போன கோடை விடுமுறையில் வீடு கட்டும்போது மனசுக்குப் பிடித்த தேக்கு எங்கேயும் அமையவில்லை. எங்கப்பன் போட்ட மரந்தானே என்று ஆசை சமாதானம் சொல்லிற்று. வெளியூர் ஆசாரியை வைத்து நடு உத்தரத்தை இறக்கினார். அதன் இடத்தில் ஒரு தென்னைமரத்தை ஏற்றித் தாரைப் பூசிவிட்டார். கூடத்து இருட்டில் ஒருவரும் கண்டுபிடிக்கவில்லை. அதுதான் அவரை அரித்தது. யாராவது கேட்டிருந்தால் சண்டையாவது போட்டிருக்கலாம்.

பள்ளிக்கூடத்தில் உப்புமா கிண்டும் பொன்னாத்தாள் விறகு கேட்டு வந்தாள். ஆடிக்காற்று தென்னை மட்டைகளை முறுக்கிக்கொண்டிருந்தது. மேற்கே வானம் கறுத்துவிட்டது.

"காத்து இந்தப் போடு போடுதே, பசங்களை ஊட்டுக்கு அனுப்பலியா?" என்று திண்ணையிலிருந்த சென்னிமலை கேட்டார்.

"எதுக்குங்க? காத்துமழைன்னா வாத்தியாரு தட்டியெல்லாம் ஒதுக்கிப்போட்டு, அத்தனை பசங்களையும் நடு உத்தரத்துக்கு அடியில உக்கார வெச்சுருவாருங்க. ஓடு பறந்தாலும் பெரியவரு போட்ட மரம் அசையாதுங்களே. எப்பவும் அப்பிடித்தானுங்க. உங்களுக்குத் தெரியாதுங்களா?"

கொடியேற்ற மட்டும் போகிற மேனேஜருக்கு எப்படித் தெரியும்? செருப்பைக்கூட மாட்டாமல் வரப்பில் ஓடினார். பாதி வழியில் மழை பிடித்துக்கொண்டது.

கூடத்தின் நடுவில் பிள்ளைகள் நெருக்கியடித்து உட்கார்ந்து வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருந்தார்கள். மேலே தார் பூசிய மரம் நடுவில் தொய்ந்திருந்தது. சுவரில் அது உட்கார்ந்த இடத்திலிருந்து சுண்ணாம்பு உதிர்ந்தது. ஒரு சிறுமி தலையைத் தட்டிவிட்டுக்கொண்டு மறுபடி ராகம் போட்டாள்.

"எல்லாரும் வெளிய போங்க!"

மேனேஜரைப் பார்த்த பிள்ளைகள் எழுந்து நின்று வணக்கம் சொன்னார்கள். போகச் சொன்னால் கும்பிடுகிறார்கள். தலைமையாசிரியர் மிக்கேல்ராஜ் சிரித்துக்கொண்டே வந்தார்.

"வெளிய கொட்டுதுங்க. இங்கியே இருக்கட்டும். உங்கய்யன் போட்ட உத்தரமுங்க."

பாம்பு நுழைந்துவிட்டது என்று சொல்லியிருக்கலாம். நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் அடுத்த காற்றுக்கு மறுபடி இங்கேதானே உட்கார வைப்பார்?

"அது இங்கில்லீங்க வாத்தியாரே. நாந்தான் எடுத்துட்டுப் போயி எங்கூட்டுக்கு வாசக்கால் வெச்சுப்போட்டனுங்க. மேல இருக்கறது தென்னமரமுங்க."

மிக்கேல்ராஜ் அண்ணாந்து பார்த்தார். கடைசி வரிசையிலிருந்த குட்டிகளை இரண்டு கையிலும் வாரிக்கொண்டு வாசலுக்கு நடந்தார். மற்றவர்கள் பின்னால் ஓடினார்கள்.

சென்னிமலை அந்த மரத்துக்கு அடியிலேயே நின்றுவிட்டார். அவர்கள் முகத்துக்கு நேராக எப்படிப் போய் நிற்பது? மைதானத்தில் பிள்ளைகள் சிலேட்டைத் தலைக்குப் பிடித்துக்கொண்டு மழையில் நின்றார்கள்.

"மேனேசரய்யா, அங்க நிக்காதீங்க!" என்று ஒரு பிள்ளை கத்தியது. பிறகு எல்லாப் பிள்ளைகளும் சேர்ந்து, வாய்ப்பாடு சொன்ன அதே ராகத்தில், அவரைக் கூப்பிடத் தொடங்கினார்கள்.