நாற்பத்திரண்டாம் ஆணி

பழனிவேலின் உயிருக்கு மேஸ்திரி நல்லதம்பி துண்டுக்கடியில் பிடித்துக் காட்டிய முதல் விலை ஆயிரத்து ஐந்நூறு ரூபாய்.

அரியமுத்து அப்போது சாவுப் பந்தலுக்குக் கால் நடக் குழி போட்டுக்கொண்டிருந்தான். செத்தவன் அவனுடைய அண்ணன். இரண்டு நாளாய்ப் பிடித்த காய்ச்சல் இன்னும் விடவில்லை. கடப்பாறையைத் தூக்கும்போதெல்லாம் கண் இருட்டியது. ஒரு முழம் இறங்குவதற்குள் கடப்பாறை சுண்ணாம்புப் பாறையில் முட்டி நின்றது. அரியலூர்ப் பக்கம் எங்கே தோண்டினாலும் அதுதான். ஊருக்குக் கீழே இருப்பதைச் சிமெண்டுக் கம்பெனி இன்னும் வாங்கிப் போடவில்லை. அதனால்தான் மேலே ஊர் இருந்தது.

நல்லதம்பி மேஸ்திரி ஆவதற்கு முன்னால் மாட்டுத் தரகன். சிமெண்டுக் கம்பெனிக்கு ஆள் கொடுக்கும் காண்ட்ராக்டரிடம் சேர்ந்த பிறகு சந்தைக்குப் போவதை விட்டான், துண்டை விடவில்லை. அரியமுத்துவின் கையைத் துண்டுக்குள் இழுத்து, ஒற்றை விரலைப் பிடித்து, இது ஆயிரம் என்றான். பிறகு ஐந்து விரலையும் சேர்த்துப் பிடித்து, இது நூறு என்றான். பல்லைப் பிடித்துப் பார்க்காததுதான் குறை.

நடந்தது சுருக்கமான காரியம். மைன்ஸில் வெடி வைத்த பாறை முகப்பில் ஒரு கல் தொங்கிக்கொண்டிருந்தது. அன்றைக்கு லோடு குறைவு என்பதால் கல்லை இறக்காமல் ஆளை இறக்கினார்கள். பதினோரு மணிக்குக் கல் தானாக இறங்கியது. பழனிவேல் அதற்குக் கீழே இருந்தான். ஒரு மணிக்குக் கல் ஏற்றுகிற லாரியிலேயே தார்ப்பாயில் சுற்றிக் கொண்டுவந்து, வாசலில் இறக்கிவிட்டுப் போனார்கள்.

சுருக்கமில்லாத காரியமும் ஒன்று இருந்தது. பழனிவேல் மைன்ஸ் ஆளே இல்லை. காட்டு வேலைக்குப் போகிறவன். மைன்ஸ் வேலை தம்பிக்கு.

இரண்டு வருஷத்துக்குள் நானூற்று எண்பது நாள் வேலை பார்த்தவனைப் பர்மனென்ட் ஆக்க வேண்டும் என்று சட்டம் வந்திருந்தது. சட்டம் வந்த நாள் முதலாக அந்த மைன்ஸில் எவனுக்கும் நானூற்று எண்பது வந்ததில்லை. நானூற்று எழுபது வாக்கில் காண்ட்ராக்டரின் பெயர் மாறும். கணக்கு மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். முதலாளி அதே முதலாளி, மீசையும் அதே மீசை, பெயர்ப்பலகை மட்டும் மைத்துனன் பேருக்குப் போயிருக்கும். அரியமுத்து எப்படியோ கண்ணில் படாமல் நானூற்று எழுபத்தெட்டுக்கு வந்துவிட்டான். புதன்கிழமை மாசக் கடைசி, பெயர் மாறும் நாள். செவ்வாயும் புதனும் இறங்கிவிட்டால் எண்பது. பர்மனென்ட் ஆனால் பெண் தருகிறேன் என்று வாலிகண்டபுரத்தில் ஒருவர் சொல்லியிருந்தார்.

ஞாயிறு ராத்திரி காய்ச்சல் வந்தது. திங்கள் மைன்ஸுக்கு விடுமுறை, படுத்துப் பார்த்தான். செவ்வாய் விடியலில் எழுந்திருக்க முடியவில்லை.

"நான் எறங்குறேன்டா. ஒனக்கும் எனக்கும் ஒரே மூஞ்சிதான," என்றான் பழனிவேல்.

மேஸ்திரிக்கு இரண்டு ரூபாய் கொடுத்தால் மூஞ்சியைப் பார்க்க மாட்டான். எல்லாரும் செய்கிற வேலைதான். அரியமுத்து படுத்த இடத்திலிருந்து சொன்னது ஒன்றே ஒன்று. "டோக்கன் பத்திரம்ணே. தொலைச்சா அஞ்சு ரூவா புடிச்சிருவான்."

மைன்ஸ் வாசலில் ஒரு பலகை, அதில் நாற்பத்திரண்டு ஆணி. இறங்குகிறவன் தன் நம்பர் போட்ட பித்தளை டோக்கனை ஆணியிலிருந்து எடுத்துக்கொண்டு இறங்க வேண்டும். ஏறி வந்ததும் திரும்ப மாட்ட வேண்டும். ஆணி காலியாக இருந்தால் ஆள் இன்னும் கீழே இருக்கிறான் என்று அர்த்தம். அரியமுத்துவின் ஆணி கடைசி ஆணி. ரத்த வேட்டியை அவிழ்க்கும்போது பார்த்தான்; அண்ணன் டோக்கனை அரைஞாண் கயிற்றில் கோத்து இரட்டை முடிச்சுப் போட்டிருந்தான். அதை அவிழ்க்கத்தான் ரொம்ப நேரம் பிடித்தது.

இப்போது அது அவன் சட்டைப் பையில் இருந்தது. நல்லதம்பிக்கு வேண்டியதும் அதுதான். டைம் ஆபீசில் கணக்கு முடியவில்லை, நாற்பத்திரண்டாம் ஆணி காலியாகக் கிடக்கிறது என்றான். டோக்கனைக் கொடுத்துவிட்டு, அண்ணன் பெண்டாட்டியை ஒரு கைநாட்டு வைக்கச் சொல்ல வேண்டும். போலீசுக்குப் போனால் உடம்பை அறுப்பார்கள், மூன்று நாள் ஆகும், வந்து சேரும்போது மூட்டையாகத்தான் வரும் என்றும் இரக்கத்தோடு சொன்னான்.

பேப்பர் டைப் அடித்துத் தயாராக இருந்தது. கம்பெனியில் ஒரு கடப்பாறை மாற்ற ஆறு மாசம் ஆகும்; இது மூன்று மணி நேரத்தில் வந்திருந்தது. நல்லதம்பி வாசித்தான். ஓடிப்போன ஆட்டைத் தேடிப் போன இடத்தில், கம்பெனிக்குச் சம்பந்தமில்லாத பழைய குழியில் தவறி விழுந்து, மேற்படி பழனிவேல் இறந்துபோனார்.

உள்ளே பெண்களின் அழுகை நின்றது. அண்ணி செங்கமலம் நிலைப்படிக்கு வந்தாள். தலை அவிழ்ந்திருந்தது, குரல் மட்டும் கட்டியிருந்தது.

"எங்க வூட்ல ஆடே இல்லீங்களே."

நல்லதம்பி ஒரு கணம் யோசித்தான். "அதுக்கென்னம்மா, ஆடும் ஒண்ணு வாங்கித் தரச் சொல்றேன்."

வாசலில் யாரோ இருமினார்கள். நல்லதம்பி மறுபடியும் துண்டை விரித்து அரியமுத்துவின் மூன்று விரலைப் பிடித்தான்.

"துண்ட எடுங்க," என்றாள் செங்கமலம். "எவ்வளவுன்னு வாயால சொல்லுங்க. எல்லாருக்கும் கேக்கட்டும்."

முப்பது வருஷத் தரகில் நல்லதம்பி விலையை வாய்விட்டுச் சொன்னதில்லை. சந்தை நடுவில் வேட்டி அவிழ்ந்தவன் மாதிரி சுற்றிலும் பார்த்துவிட்டு, "மூவாயிரம்" என்றான்.

"அவரு எங்க செத்தாருன்னு எழுதிட்டு வாங்க. அதுக்கப்புறம் ரூவாயப் பேசுவோம்." பிறகு கொழுந்தனைப் பார்த்தாள். "ஒங்க பேர்லதான எறங்குனாரு, தம்பி. நீங்க போயிச் சொல்லுங்க."

அரியமுத்து சைக்கிளை எடுத்தான்.

டைம் ஆபீசில் அய்யம்பெருமாள் என்கிற கிளார்க் அவனை லேபர் ஆபீசரின் அறைக்கு அனுப்பினான். லேபர் ஆபீசர் மரியாதைக்காரர், உட்காரச் சொன்னார். அந்தக் கட்டடத்தில் அவனுக்கு நாற்காலி கிடைத்தது அதுதான் முதல் தடவை, நுனியில் உட்கார்ந்தான். செத்தது அண்ணன் என்றும், தன் பெயரில் இறங்கினான் என்றும், கல் விழுந்த இடம் கம்பெனி முகப்பு என்றும் சொன்னான். அவர் குறுக்கே பேசவில்லை. ரிஜிஸ்டரைக் கொண்டுவரச் சொன்னார். நம்பர் நாற்பத்திரண்டு, அரியமுத்து. இறங்கியது காலை ஆறு மணி. ஏறியது பகல் இரண்டு மணி. மை காய்ந்திருந்தது.

"அரியமுத்துங்கிறது யாரு?"

"நான்தான் சார்."

"உயிரோடதான இருக்க?"

அவன் தலையாட்டினான்.

"அப்புறம் யாருப்பா செத்தது?"

பழனிவேல் என்ற பெயருக்காக அய்யம்பெருமாள் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை விரலை ஓட்டிக் காட்டினான். அப்படி ஒருவன் இல்லை. இறங்காதவன் எப்படிச் சாவான்? லேபர் ஆபீசர் பொறுமையாக விளக்கினார். ஆள் காண்ட்ராக்டருடைய ஆள். காண்ட்ராக்டரின் ஒப்பந்தம் நாளையோடு முடிகிறது. புதிதாக வருகிறவர் பழைய விஷயத்துக்குப் பொறுப்பில்லை. கம்பெனி கல்லை மட்டும்தான் வாங்குகிறது. கம்பெனி என்றால் யார் சார் என்று அரியமுத்து கேட்டான். மேனேஜர் மெட்ராசுக்கு எழுதிக் கேட்பார், மெட்ராசில் டைரக்டர்கள் கூடிப் பேசுவார்கள், அவர்கள் பங்குதாரர்களுக்குப் பதில் சொல்ல வேண்டும், பங்குதாரர் பத்தாயிரம் பேர், அவர்கள் யார் எவர் என்று தமக்கே தெரியாது என்றார். சொந்தக்காரன் வந்து கயிற்றைக் கையில் கொடுக்காமல் எந்தச் சந்தையிலும் ஒரு கிழட்டு மாடுகூடக் கை மாறாது. இங்கே சொந்தக்காரன் இன்னாரென்று தெரியாமலே பூமி லாரி லாரியாகப் போய்க்கொண்டிருந்தது.

"இது ஆள் மாறாட்டம்," என்றார் அவர், அதே மரியாதையோடு. "கேஸ்னு போனா மொதல்ல உள்ள போறவன் நீ." ஃபேனைக் கொஞ்சம் அவன் பக்கம் திருப்பி வைத்தார். "இன்னைக்கோட எத்தன நாளு?"

"நானூத்தி எழுபத்தொம்பது சார்."

"நாளைக்கு வந்துரு. டோக்கனையும் கொண்டாந்து மாட்டிரு. பர்மனென்ட் ஆர்டர்ல நானே கையெழுத்துப் போடுறேன்."

அரியமுத்துவின் கை சட்டைப் பைக்குப் போனது. காய்ச்சல் உடம்பின் சூட்டில் பித்தளை கொதித்தது. எடுத்து மேசைமேல் போடவும் இல்லை. முடியாது என்று சொல்லவும் இல்லை. "சரிங்க சார்" என்றான். எப்போதும் சொல்வதுதான்; வாய் தானாகச் சொல்லிவிட்டது.

வீட்டில் செங்கமலம் அவன் முகத்தைப் பார்த்தாள்.

"எழுதிக்க மாட்டேங்குறாங்க அண்ணி."

அவள் தலைமாட்டு விளக்கின் திரியைத் தூண்டிவிட்டாள். பெண் பிள்ளைகள் இரண்டும் அப்பன் காலடியிலேயே தூங்கிப்போயிருந்தன. நாளைக்கு வரச் சொன்னதை அவன் சொல்லவில்லை.

திருமானூரிலிருந்து முதல் பஸ்ஸில் அக்கா வந்து இறங்கிய பிறகுதான் புதன்கிழமை விடியற்காலையில் உடம்பைக் குளிப்பாட்டினார்கள். அரியமுத்து குடத்தைச் சாய்த்துக்கொண்டிருந்தபோது தெருமுனையில் மைன்ஸ் லாரி ஹாரன் அடித்தது. தினமும் ஆளை ஏற்ற வருகிற லாரி. வழக்கமாக ஒரு தரம் அடிக்கும். அன்றைக்கு இரண்டாம் தரமும் அடித்தது. முன் சீட்டில் நல்லதம்பியின் துண்டு தெரிந்தது.

அவன் கணக்குப் போடாமல் இல்லை. ஒரே ஒரு நாள். போய் இறங்கினால் காய்ச்சலோடாவது எட்டு மணி நேரம் நின்றுவிடலாம். பர்மனென்ட் சம்பளத்தில் அண்ணியும் இரண்டு பிள்ளைகளும் சாப்பிடலாம். போகாவிட்டால் நாளைக்கு ஒன்றிலிருந்து தொடங்க வேண்டும். அதுவும் புதுக் காண்ட்ராக்டர் சேர்த்துக்கொண்டால். அண்ணன் இறங்கியதே அந்த நாளுக்காகத்தான். எந்தப் பக்கம் கூட்டினாலும் போவதுதான் சரி என்று வந்தது.

மூன்றாம் தரம் ஹாரன் நீளமாக அடித்தது.

"போறதுன்னா போயிட்டு வாங்க தம்பி," என்றாள் செங்கமலம், புருஷன் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமல். "புள்ளைங்களுக்குச் சோறு வேணும்ல."

அவள் திட்டியிருந்தால் போயிருப்பான்.

அரியமுத்து குடத்தைக் கீழே வைத்தான். ஈரக் கையைத் துடைக்காமலே பையிலிருந்து டோக்கனை எடுத்தான். குனிந்து, அண்ணனின் இடுப்புக் கயிற்றில் அதைக் கோத்து, அவன் போட்டிருந்தது போலவே இரட்டை முடிச்சுப் போட்டான். அதன்மேல் கோடித் துணியைச் சுற்றினார்கள். லாரி கொஞ்ச நேரம் இரைந்துகொண்டு நின்றுவிட்டுப் போனது.

இடுகாட்டிலும் பாறைதான். நாலு பேர் மாற்றி மாற்றிக் கடப்பாறை போட்டும் இடுப்பளவுக்கு மேல் குழி இறங்கவில்லை. போதும் என்றார்கள்.

சாயங்காலம் நல்லதம்பி வந்தான். மண் விழுகிற வரைக்கும்தான் பிணத்துக்கு விலை. அதற்கப்புறம் இரக்கம், இரக்கத்துக்குச் சந்தையில் எப்போதும் மட்டமான விலைதான். துண்டுக்கடியில் ஐந்து விரலைப் பிடித்து, இது நூறு என்றான். ஆட்டைப் பற்றிப் பேச்சே இல்லை. செங்கமலம் வெளியே வரவில்லை. அரியமுத்து கையை உருவிக்கொண்டான்.

சனிக்கிழமை பழைய காண்ட்ராக்டின் கணக்கு முடிக்கக் கூப்பிட்டிருந்தார்கள். மைன்ஸ் வாசலில் புதுப் பெயர்ப்பலகை தொங்கியது. நாற்பத்திரண்டாம் ஆணி காலியாக இருந்தது. அவன் அதன் முன்னாலேயே நின்றுவிட்டான். பிறகுதான் உறைத்தது: ஷிப்ட் நேரம், எல்லா ஆணியும் காலி. புது நாற்பத்திரண்டு எவனோ, புதுப் பித்தளையை இடுப்பில் வைத்துக்கொண்டு கீழே இருந்தான்.

அய்யம்பெருமாள் தலை நிமிராமல் வாசித்தான். மொத்த நாள் நானூற்று எழுபத்தொன்பது. போன வாரம் வரை பட்டுவாடா ஆகிவிட்டது. நிற்பது செவ்வாய்க்கிழமை ஒரு நாள்.

"செவ்வாக்கெழமைக்கும் கூலி உண்டா?"

"ஏன் இல்லாம? நீதான் எறங்கி ஏறியிருக்கியே." ஒன்பது ரூபாய் என்று எழுதினான். அதற்குக் கீழே, டோக்கன் தொலைத்த வகைக்கு ஐந்து ரூபாய் என்று எழுதிக் கழித்தான். நாலு ஒற்றை ரூபாய் நோட்டை எண்ணி மேசையில் வைத்து, கையெழுத்துக்கு ரிஜிஸ்டரைத் திருப்பினான்.

பேனாவை வாங்கிய அரியமுத்து தன் பெயருக்குப் பக்கத்திலிருந்த கோட்டைத் தேடினான். பக்கத்தின் அடியில், சிவப்பு மையில், செவ்வாய்க்கிழமையின் கூட்டல் இருந்தது.

இறங்கியவர் 42. ஏறியவர் 42. பாக்கி இல்லை.