பின்னால் குதிக்கும் நிழல்

வேல்ராஜுக்குச் சந்தேகம் வந்துவிட்டால் சோறு இறங்காது. இந்த முறை சந்தேகம் அறைக்கூட்டாளி சாம்சன் மேல்.

இருவரும் ஒரகடத்தில் ஒரே கம்பெனி, எதிரெதிர் ஷிப்ட். வல்லக்கோட்டையில் எடுத்த அறையில் ஒரு பாய், ஒரு டிவி, இருவரும் சேர்ந்து வாங்கிய பழைய கேம் கன்சோல். ஒருவன் வரும்போது மற்றவன் பஸ் ஏறியிருப்பான்.

கேம், ஒரு ஜப்பானிய அனிமே கார்ட்டூன் தொடரை வைத்து வந்த சண்டை கேம். அதில் ஒற்றைக்கொம்பன் என்றொருவன். தொடரில் பாதியிலேயே அநியாயமாகச் செத்துப்போவான். கேமில் அவனை எழுப்பி, கொன்றவனையே புரட்டி எடுக்கலாம். அந்தச் சுகத்துக்காகவே வேல்ராஜ் வேறு ஆளைத் தொடமாட்டான். ஆயுத பூஜைக்குக் கம்பெனியில் இதே கேமில் போட்டி. ஒற்றைக்கொம்பனை எல்லார் முன்னாலும் ஜெயிக்க வைக்க வேண்டும். வேறெதுவும் அவனுக்கு வேண்டாம்.

அந்த கேம் நாம் ஆடும் விதத்தைப் பார்த்துப் பழகி, நம்மைப் போலவே சண்டை போடும் ஒரு நிழலை உண்டாக்கி வைக்கும். ஒரு நாள் கேமில் பதிவான கணக்கைப் பார்த்தால், சாம்சன் தினமும் வேல்ராஜின் நிழலோடுதான் மோதியிருக்கிறான். சாம்சன் போட்டியிலேயே இல்லை. பிறகு எதற்கு? போட்டியில் இருக்கும் வடக்குப்பட்டு சுபாஷ், சாம்சனோடு ஒரே பஸ்ஸில் போகிறவன். என் அடியையெல்லாம் படித்து அவனுக்குத்தான் சொல்லிக்கொடுக்கிறான் என்று முடிவுகட்டினான் வேல்ராஜ்.

வேல்ராஜ் லேசுப்பட்ட ஆளா? நிழலைக் கெடுத்தான். ஓங்கி அடிக்க வேண்டிய இடத்திலெல்லாம் வேண்டுமென்றே பின்னால் குதித்தான். ஒரு வாரம் குதித்தான். நடுவில் தலைமாட்டில் ஓர் அட்டை மாத்திரை கிடந்தது. போட்டியன்று தூங்கவைக்கப் பார்க்கிறானா? ஜன்னல் வழியே வீசினான்.

போட்டியில் சுபாஷே எதிரில் வந்தான். ஓங்கி அடிக்க வேண்டிய நேரத்தில் வேல்ராஜின் விரல் பழக்கதோஷத்தில் ஒற்றைக்கொம்பனைப் பின்னால் குதிக்க வைத்தது. மறுபடியும் அதே.

"இன்னா தலைவா, நான் அடிக்கவேயில்ல, நீயே பின்னாடி ஓடிக்கினு கீற?" என்றான் சுபாஷ்.

ஒற்றைக்கொம்பன் இரண்டாம் முறையும் செத்தான். வேல்ராஜுக்கு அழுகை வந்தது.

அன்று லீவு என்பதால் சாம்சன் அறையில் விழித்திருந்தான். பொரிப் பொட்டலத்தை நீட்டினான்.

"தோத்துட்டியால? விடு. ஒரு வாரமாவே உன் நிழலு சரியில்ல. சும்மா பின்னால பின்னால போவுது."

"நீ எதுக்குல என் நிழலோட வெளாடுத?"

"பொறவு? உன்னைய நேர்ல எங்க பாக்க? ரெண்டு ஆட்டம் போட்டா நீ கூட இருக்க மாதிரி இருக்கும்லா. உனக்கு மேலுக்கு முடியலயோன்னுதான் மாத்திரை வாங்கி வச்சேன். முழுங்குனியால?"

வேல்ராஜ் வெட்கத்தோடு ஒரு பிடி பொரியை வாயில் போட்டு விழுங்கினான்.

"முழுங்கிட்டேம்ல," என்றான்.

சாம்சன் உடனே நம்பிவிட்டான்.