மாமனார் தூங்க வேண்டும்

முதல் ஆல்பத்தைப் பாடகன் தன் வீட்டுப் படுக்கையறையிலேயே, ஜன்னலில் மெத்தையைச் சாத்திவைத்துப் பதிவு செய்தான். கேட்டவர்கள் பாட்டை விட்டுவிட்டு, அதற்கு அடியில் ஓடிய கனத்த ரீங்காரத்தைத்தான் மெச்சினார்கள். பூமியே மூச்சு விடுகிறது என்று ஒரு புண்ணியவான் எழுதினார். அது அடுத்த அறையில் மாமனார் போட்ட மத்தியானக் குறட்டை. மைக்கைச் சுவரோரம் வைத்தது இவன் புத்தி.

இரண்டாவது ஆல்பத்துக்கு நல்ல ஸ்டுடியோ கிடைத்தது. ஒலிப்பதிவாளர் புதுப் பாட்டைக் கேட்டு உதட்டைப் பிதுக்கினார்.

"சுத்தமாத்தான் இருக்கு. ஆனா அந்த ரீங்காரம் எங்க?"

பாடகன் ஹெட்போனைக் கழற்றி வைத்தான். அப்படியானால் ஊர் கொண்டாடியது தன்னையா, மாமனாரையா? இது தெரியாமல் அவனுக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாள் மாமனார் தலையணையும் போர்வையுமாக ஸ்டுடியோவில் வந்து இறங்கினார். முப்பது வருஷம் லிஃப்ட் ஓட்டியும் கிடைக்காத மரியாதை இப்போது கிடைத்திருக்கிறது, விடுவாரா?

"தொண்டை கெட்டுடும்னு காலையிலேர்ந்து வாயே தெறக்கல," என்று கூட வந்த மகள், பாடகனின் மனைவி, தலையில் அடித்துக்கொண்டாள்.

"ஒருக்களிச்சுப் படுத்தா சுருதி அரைக்கட்டை கூடும். எப்படி வேணும்?" என்றார் மாமனார்.

"மல்லாந்தே படுங்க சார்," என்றார் ஒலிப்பதிவாளர்.

பாடகன் புதுப் பாட்டை எடுத்தான். கடைசி பஸ்ஸைத் தவறவிட்டு நடந்தே வீடு திரும்பும் ஒரு பெண்ணைப் பற்றியது. மாமனார் கண்ணை மூடினார், திறந்தார், புரண்டார். மூன்று டேக் முடிந்தும் கொட்டக் கொட்ட விழித்துக்கொண்டு கிடந்தார்.

"நீங்க பழசைப் பாடுங்க மாப்ள, சரியாயிடும்."

பழைய பாட்டில் இரண்டு வரிதான் பாடினான். ஸ்டுடியோக் கண்ணாடி அதிர்ந்தது. ஒலிப்பதிவாளர் கட்டைவிரலை உயர்த்தினார். அந்தச் சூட்டோடு பாடகன் நைசாகப் புதுப் பாட்டுக்குத் தாவினான். குறட்டை பாதியில் அறுந்தது. மாமனார் எழுந்தே உட்கார்ந்துவிட்டார்.

"என்ன மாமா இது!" அவனுக்கு அழுகை முட்டியது.

"நான் என்ன பண்ணட்டும்? அந்தப் பொண்ணு வீடு போய்ச் சேர்ந்தாளா இல்லையான்னு தெரியாம எப்படித் தூங்கறது? முழுசாப் பாடித் தொலைங்க மாப்ள!"

ஒலிப்பதிவாளர் தலையில் கைவைத்துக்கொண்டார். பாடகன் கண்ணைத் துடைத்துக்கொண்டு கடைசிவரை பாடினான்.

ஆல்பம் வந்தபோது ரீங்காரம் போய்விட்டதே என்று பலர் அங்கலாய்த்தார்கள். அட்டையில், வாத்தியம் வாசித்தவர்கள் பெயருக்குக் கீழே, ஒரு வரி மட்டும் புதிதாக இருந்தது:

'விழித்திருந்தவர்: மாமனார்.'