வரைபடத்துக் கிணறு

போலீஸ் போட்ட குற்றப்பத்திரிகைக்குக் கோர்ட்டில் நம்பர் விழுந்த அன்று காலை, தெய்வசிகாமணி வீட்டு வாசலில் ஒரு கிணறு வந்திருந்தது. அவர் செருப்பை மாட்டிக்கொண்டு, அதைச் சுற்றிப் போய்ப் பால் வாங்கி வந்தார்.

எதிர்வீட்டுச் செல்லக்கனியைக் கிணற்றில் தள்ளினார் என்பது வழக்கு. உண்மையில் குழாயடியில் தோளில் ஓர் இடி இடித்தார், அவ்வளவுதான். ஏட்டு பரமார்த்தலிங்கத்துக்கு வேலை ஜாஸ்தி. பழைய வழக்கு ஒன்றின் சம்பவ இட வரைபடத்தை எடுத்து, தெருப் பெயரை மட்டும் மாற்றி நகல் போட்டுவிட்டார். அந்த வழக்கில் கிணறு இருந்தது. கிணறு என்று இருந்தால் யாராவது விழத்தானே வேண்டும்.

செல்லக்கனி உள்ளேதான் இருந்தார்.

"அண்ணாச்சி, டீ உண்டா?"

சிகாமணி வாளியில் டீயை இறக்கினார். "கயிறு போடுதேன். ஏறி வாரும்வே."

"எப்படி வர? நான் முதல் சாட்சில்லா. விழுந்த இடத்துலயே இருக்கணும்னு ஏட்டய்யா எழுதி வாங்கிட்டாரு."

"தண்ணி எவ்வளவு கெடக்கு?"

"கரண்டைக்கால் வரைக்கும்."

விசாரணையே தப்பு என்று சிகாமணி கோர்ட்டில் மனுப் போட்டார். வாய்தாவுக்கு வாய்தா கோர்ட்டுத் தாழ்வாரம் நீண்டுகொண்டே போனது. ஆறாவது வாய்தாவுக்கு வழியில் சாப்பிடப் பொட்டலம் கட்டிக்கொண்டு நடந்தார். கிணற்றிலும் வாய்தாவுக்கு ஒரு சாண் தண்ணீர் ஏறியது. அவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. குழாயடிச் சண்டைக்கு ஒரு மனுசன் மூழ்குவதா?

"குற்றப்பத்திரிகை தாக்கலாயிட்டுது, மை லார்ட்" என்றார் அரசு வக்கீல். "கிணறு இல்லைன்னா அதைச் சாட்சி விசாரணையில சொல்லிக்கட்டும்."

"அது எப்ப?" என்று கேட்டார் நீதிபதி.

"ஆறு வருஷத்துல."

நீதிபதி வரைபடத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். போலீஸ் மேற்கொண்டு விசாரிக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார். மனுதாரர் கேட்டபடி கிணற்றை நீக்கிப் புது வரைபடம் தாக்கல் செய்ய வேண்டும். சிகாமணி தாழ்வாரம் முழுக்க ஓடியே வீடு வந்து சேர்ந்தார்.

ஏட்டு அதற்குள் வந்திருந்தார். சைக்கிள் சீட்டில் வரைபடத்தை விரித்து, ரப்பரால் கிணற்றின் ஓரத்தை அழித்துக்கொண்டிருந்தார். வாசலில் கைப்பிடிச் சுவர் பாதியைக் காணவில்லை.

"ஐயா, ஆள் உள்ள கெடக்கான்!"

"உத்தரவுல கிணறுன்னுதான் இருக்கு. ஆளைப் பத்தி ஒண்ணும் இல்ல. நீங்க மனுவுல கேக்கலியே."

கேட்கவில்லைதான். செல்லக்கனிக்காக உருகினாரே தவிர, மனுவில் தன் பேரைக் காப்பாற்ற மட்டுமே எழுதியிருந்தார். சிகாமணிக்கு வெட்கமாக இருந்தது. குப்புறப் படுத்து வலது கையை உள்ளே நீட்டினார். கழுத்தளவு தண்ணீரிலிருந்து செல்லக்கனியின் கை எட்டிப் பிடித்தது.

ஏட்டு ரப்பர் தூளை ஊதினார்.

தெரு பழையபடி தார் ரோடாக இருந்தது. நடுவில் தாருக்கு வெளியே மணிக்கட்டு வரை ஒரு கை. சூடாக இருந்தது. சிகாமணியின் வலது கையை இறுக்கிப் பிடித்திருந்தது.

"கிணத்தைத் திரும்ப வரையும் ஐயா" என்று சிகாமணி அழுதார். "நாந்தான் தள்ளினேன். எழுதிக்கிடும்."

"அதுக்குத் தனி மனுப் போடணும்" என்றார் ஏட்டு. நல்ல மனுசன், பேனாவையும் வெள்ளைத் தாளையும் நீட்டினார். "வலது கையால கையெழுத்துப் போடுங்க."

சிகாமணி பேனாவைப் பார்த்தார். கையை விடவில்லை. பால்காரர் சைக்கிள் மணியடித்துக்கொண்டு அவர்களைச் சுற்றிப் போனார்.