எல்லைக்கல்லின் முதுகு

நிக்கோயா நகரத்திலிருந்து வந்த ஜீப்பைவிட்டு நீதிபதி ஆர்கேதாஸ் அம்மா ரப்பர் பூட்ஸோடு இறங்கியபோது மணி எட்டேகால். ஃப்ளோரிபெத் அதற்கு முன்பே கயிற்றை மணலில் கிடத்தி, முறுக்கெடுத்துத் தயாராக நின்றாள். அந்தக் கரையில் அவளைவிட நிதானமாகப் படகு விடுகிறவர் இல்லை. மனு எழுதுகிறவரும் இல்லை. நகராட்சிக்கு எழுதிய பதினொரு கடிதங்களின் நகல்களும் தேதிவாரியாக அவள் கக்கத்தில் இருந்தன.

வழக்கு சிக்கலானதில்லை. கடல் ஏறி நிற்கும் கோட்டிலிருந்து ஐம்பது மீட்டர்வரை யாரும் எதுவும் கட்டக்கூடாது, அது ஊர்ப்பொது. ஐம்பதாவது மீட்டரில் சர்க்காரின் எல்லைக்கல் நிற்கும். கல்லுக்குப் பின்னால்தான் மதில் எழுப்பியிருக்கிறோம் என்றது புது ஓட்டல். கல்லையே பெயர்த்துக் கடல்பக்கம் நட்டுவிட்டார்கள் என்றாள் ஃப்ளோரிபெத். அலுவலகத்துப் பழைய அளவுத்தாளோ ஈரத்தில் ஊறி எழுத்தழிந்துபோயிருந்தது. ஆக, கல் இடம் மாறியது இன்றைக்கு நிரூபணமாகாவிட்டால் மதில் நிற்கும். மதில் நின்றால் அக்டோபர் அலைக்குமுன் அந்தக் கரையின் மூன்று படகுகளையும் மேலேற்ற இடம் இருக்காது. கடல் அவற்றைப் பாறையில் அறைந்து விறகாக்கிவிடும்.

"அண்ணி, இன்னும் நேரமிருக்கு," என்று முணுமுணுத்தான் கொழுந்தன் செலிமோ. "பக்கத்துக் கழிமுகத்துல இடம் தர்றேன்னு ஓட்டல்காரன் சொல்றானே. சரின்னுட்டா என்ன?"

"அங்க முதலை இருக்கு. நீ போய் அதோட குடித்தனம் பண்ணு."

நீதிபதி குறிப்பேட்டைத் திறந்தார். "சொல்லுங்கம்மா. கல் முன்னாடி எங்க இருந்துச்சு?"

"நான் எதுக்கும்மா சொல்லணும்? இந்தக் கயிறு காட்டிடும்."

அலைக்காலத்தில் கடலோரப் பாறையின் இரும்பு வளையத்துக்கும் எல்லைக்கல்லுக்கும் நடுவே ஒரே கயிற்றை விறைப்பாகக் கட்டி, படகுகளை அதில் பிணைப்பார்கள். அதற்கென்றே அளந்து வெட்டிய கயிறு. இரண்டு முனையிலும் பின்னிய சுருக்கு. செலிமோ ஒரு முனையை வளையத்தில் மாட்டினான். மறு முனையோடு ஃப்ளோரிபெத் கல்லுக்கு நடந்தாள். கல்லைச் சுற்றிப் பூச்செடியும் சங்கிலியும் போட்டு ஓட்டல் காவல் வைத்திருந்ததால் ஒன்பது மாதமாக அதன் கிட்டே யாரும் போனதில்லை. இன்றைக்கு நீதிபதிக்காகச் சங்கிலி அவிழ்ந்திருந்தது.

சுருக்கைக் கல்லின் கழுத்தில் மாட்டினாள். கயிற்றில் மூன்றிலொரு பங்கு தொய்ந்து மணலில் கிடந்தது.

ஓட்டல் வக்கீல் உல்லோவா சிரித்தார். "கயிறு எந்தக் கடையிலயும் கிடைக்கும் அம்மணி. நேத்துகூட வெட்டியிருக்கலாம். இதை வெச்சு நிலம் அளந்தா, நாளைக்கு என் டையை வெச்சும் அளப்பாங்க!"

காவலாளி சிரித்தான். செலிமோவுக்கே சிரிப்பு வந்து, அண்ணியின் முகத்தைப் பார்த்ததும் அடங்கியது.

நீதிபதி பேனாவை மூடினார். "அவர் சொல்றதுல நியாயம் இருக்கு. கயிறு மட்டும் போதாதும்மா."

சுருக்கைக் கழற்றக் குனிந்தவளின் வலதுகை, பழக்கத்தில், கல்லின் முதுகுப்பக்கம் போனது. முப்பது அலைக்காலமாகப் படகுகள் வெட்டி இழுத்ததில் கயிறு அந்த முதுகில் கட்டைவிரல் ஆழத்துக்குப் பள்ளம் அறுத்திருந்தது. சுருக்கு அந்தப் பள்ளத்தில் உட்கார்ந்ததா என்று தடவிப் பார்க்காமல் அவள் நகரவே மாட்டாள்.

கை தடவியது. வழவழவென்றிருந்தது.

முன்பக்கம் வந்து பூச்செடியை ஒதுக்கினாள். பள்ளம் கடலைப் பார்த்து நின்றது. அவளுக்கு வாய்விட்டுச் சிரிப்பு வந்தது.

"நீதிபதியம்மா, இங்க விரலை வெச்சுப் பாருங்க. இது கயிறு தின்ன பள்ளம். கடல்பக்கம் இழுக்கிற கயிறு முதுகைத்தானே தேய்க்கும்? முகத்தை எப்படித் தேய்க்கும்? பெயர்த்து நட்டவங்க ஒருநாளும் படகு கட்டினதில்ல. நல்ல பக்கம் விருந்தாளிங்க கண்ணுல படட்டும்னு ஓட்டலைப் பார்க்கத் திருப்பி வெச்சுட்டாங்க."

"காத்து மழையில திரும்பியிருக்கலாம்," என்றார் உல்லோவா.

"நாலு ஆள் தூக்குற கல்லு, வக்கீலய்யா. அது திரும்புற காத்துல உங்க ஓட்டல் கூரை இந்நேரம் எல்லை தாண்டி நிகராகுவாவுல இருக்கும்."

நீதிபதி பள்ளத்தில் விரலை ஓட்டினார். பேனா மறுபடி திறந்தது. "கயிறை விறைப்பா இழுங்க. எங்க முடியுதுன்னு பார்ப்போம்."

இடுப்புயர மதிலைத் தாண்டி, புல்தரையைத் தாண்டி, கயிறு செம்பருத்திப் பாத்தியில் முடிந்தது. ஓட்டல் தோட்டக்காரனையே தோண்டச் சொன்னார் நீதிபதி. மூன்றாவது வெட்டில் மண்வெட்டி 'ணங்' என்றது. உடைந்த சிமெண்டு அடித்தளம்; அதில் அறுத்த மூன்று கம்பிகள். கல்லின் அடியைத் தோண்டினால் அங்கேயும் அறுபட்ட மூன்று கம்பி, அதே இடைவெளி. நீதிபதியோடு வந்த குமாஸ்தா இரண்டுக்கும் நடுவே அளவுநாடா பிடித்தார்: பதினெட்டு மீட்டர், சில்லறை.

உல்லோவா கண்ணாடியைத் துடைத்துக்கொண்டேயிருந்தார்.

நீதிபதி உத்தரவைச் சொல்லச் சொல்லக் குமாஸ்தா எழுதினார்: கல்லை அதன் இடத்தில் திரும்ப நடவேண்டும், முப்பது நாளில் மதிலை இடிக்கவேண்டும்.

ஃப்ளோரிபெத் கையை உயர்த்தினாள். "முப்பது நாள் கணக்கெல்லாம் அலைக்குத் தெரியாதும்மா. வியாழக்கிழமை வருதுன்னு ரேடியோவுல சொல்லியாச்சு."

நீதிபதி இன்னொரு வரி சேர்க்கச் சொன்னார்: படகு போகும் அகலத்துக்கு மதிலைப் புதன்கிழமைக்குள் திறந்துவிட வேண்டும்.

புதன்கிழமை திறந்தார்கள். உருட்டுக்கட்டை போட்டு மூன்று படகுகளையும் புல்தரைமேல் ஏற்றினார்கள். நாலு ஆள் கல்லைத் தூக்கிவந்து குழியருகே நின்று விழித்தார்கள்.

"எந்தப் பக்கம் திருப்பி வைக்கணும், அக்கா?"

"பள்ளம் மலையைப் பார்க்கணும். முகம் எனக்கு வேண்டாம், முதுகு போதும்."

நட்டு இறுக்கியதும் சுருக்கை மாட்டி, கையைப் பின்னால் விட்டுத் தடவினாள். பாறைப்பக்கத்திலிருந்து செலிமோ முனையை இழுத்து வளையத்தில் மாட்டினான். கயிறு விறைத்து நின்றது. ஒரு சாண் மிச்சமில்லை.